அமெரிக்க வீட்டுக் கூரைக்கு 15 வயசு ஆயிடுச்சா? மாத்தாமலே ஆயுளைக் கூட்ட முடியுமா?

"இன்சூரன்ஸ் கம்பெனி கூரையை மாத்தச் சொல்றாங்கப்பா." அமெரிக்காவில் வீடு வாங்கிய மகனோ மகளோ போனில் இப்படிச் சொன்னால், இங்கே இருக்கும் அப்பாவுக்குத் தலையும் புரியாது, வாலும் புரியாது. 15 வருஷத்துல கூரையை மாத்துறதா? நம்ம ஊர் கான்கிரீட் மாடியை நினைத்துக்கொண்டு யோசித்தால் விநோதமாகத்தான் இருக்கும். ஆனால் அங்கே கூரைங்கிறதே வேற சமாச்சாரம்.

அது என்ன ஷிங்கிள்?

அமெரிக்காவில் பெரும்பாலான தனி வீடுகளின் மேல் இருப்பது ஆஸ்பால்ட் ஷிங்கிள். கண்ணாடி இழையால் ஆன மெல்லிய பாய், அதில் ஏற்றிய தார், அதற்கு மேல் பொடிக்கல். இந்தத் துண்டுகளை மரப்பலகை மீது மீன் செதில் மாதிரி அடுக்கி ஆணி அடித்துவிடுவார்கள். மெல்லிய ரகம் 15 முதல் 20 வருஷம், தடித்த ரகம் 25 முதல் 30 வருஷம் வரும் என்பது பொதுவான கணக்கு. வெயில் அதிகமுள்ள மாநிலங்களில் இது குறையும்.

உண்மையில் கூரையைக் காப்பது அந்தப் பொடிக்கல்தான். புற ஊதாக் கதிர் தாரில் நேரடியாகப் படாமல் அது தடுக்கிறது. கல் உதிர்ந்தால் தார் காய்ந்து, ஓரம் சுருண்டு, வெடிக்கத் தொடங்கும். கூரை ஓர மழைநீர்க் கால்வாயில் கரடுமுரடான மணல் மாதிரி சேர்ந்தால் இதுதான் நடக்குதுன்னு அர்த்தம். (புதுக் கூரையிலும் முதல் சில மழைக்குக் கொஞ்சம் உதிரும். அதுக்குப் பயப்பட வேண்டாம்.)

இன்சூரன்ஸ் சிக்கல் என்ன?

புயல் அடிக்கடி வரும் ஃப்ளோரிடாவில், கூரை பழசு என்ற ஒரே காரணத்துக்காகவே பாலிசி மறுக்கப்பட்டது. 2022 மே மாதம் அந்த மாநிலம் ஒரு சட்டம் கொண்டுவந்தது. அதன்படி, 15 வருஷத்துக்குக் குறைவான கூரையை வயதை மட்டும் காரணம் காட்டி நிராகரிக்க முடியாது. 15 ஆகிவிட்டால்? மாற்றச் சொல்லும் முன், அங்கீகாரம் பெற்ற ஆய்வாளரை வைத்துச் சோதிக்க வீட்டுக்காரருக்கு வாய்ப்பு தர வேண்டும். இன்னும் 5 வருஷமாவது தாங்கும் என்று ஆய்வில் வந்தால், வயதைச் சொல்லி மறுக்கக் கூடாது. அந்த 5 வருஷத்தைச் சம்பாதிப்பதுதான் இப்போ மேட்டர்.

முதலில் எங்கே பார்க்கணும்?

ஒழுகல் பல நேரம் ஷிங்கிளில் ஆரம்பிப்பதில்லை. கூரையைத் துளைத்து வெளியே வரும் கழிவுக் காற்றுக் குழாயைச் சுற்றி ஒரு ரப்பர் வளையம் இருக்கும். ஷிங்கிளுக்கு முன்பே அது வெடித்துவிடும். புகைபோக்கி ஓரம் அடித்த தகரப் பட்டையும் அப்படித்தான். இவற்றை மாற்றுவது சின்ன வேலை. விட்டுவிட்டால் உள்ளே பலகையே ஊறிப்போகும்.

காற்றில் தூக்கிய ஷிங்கிளுக்கு அடியில் கூரைத் தார்ப்பசையைச் சின்னச் சின்னப் பொட்டாக வைத்து அழுத்தினால் ஒட்டிக்கொள்ளும். கூரை மேல் உரசும் மரக்கிளையை வெட்டிவிட வேண்டும். இலைக் குப்பை தேங்கினால் ஈரமும் தேங்கும்.

அடுத்து, பலரும் கவனிக்காத இடம் கூரைக்கும் மேல்தளத்துக்கும் நடுவில் உள்ள அட்டிக். வெப்பம் உள்ளே அடைந்தால் ஷிங்கிள் அடியிலிருந்தும் வேகும். கூரை ஓரத்தின் அடியில் காற்று நுழைய வேண்டும், உச்சி வழியே வெளியேற வேண்டும். அட்டிக் தரைப்பரப்பில் 150-ல் ஒரு பங்கு திறப்பு வேண்டும் என்பது அங்கே பொதுவான கட்டட விதி. சில நிபந்தனைகளோடு 300-ல் ஒரு பங்கும் போதும். குளிர் மாநிலங்களில் இது சரியில்லை என்றால் மேலே பனி உருகி, ஓரத்தில் மறுபடி உறைந்து, தண்ணீர் உள்ளே இறங்கும்.

கருப்புக் கறையா? பிரஷர் வாஷர் வேண்டாம்!

கூரையில் வழிந்த மாதிரி தெரியும் கருப்புக் கோடுகள் அழுக்கு இல்லை, ஒருவகை நீலப்பச்சைப் பாசி. வேகமாகத் தண்ணீர் பீய்ச்சிக் கழுவினால் பாசியோடு பொடிக்கல்லும் போய்விடும். தயாரிப்பாளர்கள் சங்கம் சொல்லும் வழி, திரவ பிளீச்சும் தண்ணீரும் சம அளவு கலந்து தெளித்து, 15 முதல் 20 நிமிஷம் விட்டு, மெதுவான தண்ணீரில் அலசுவது. கீழே உள்ள செடிகளை முதலில் நனைத்துவிடுங்கள், இல்லைன்னா கருகிடும்.

ஸ்பிரே அடிச்சா இளமை திரும்புமா?

காய்ந்த தாருக்குச் சோயா எண்ணெய் கலவை தெளித்தால் 5 வருஷம் கூடும் என்று விளம்பரம் வருகிறது. அது விற்பவர்கள் சொல்லும் கணக்கு. உடைந்த ஷிங்கிளையோ, உதிர்ந்த கல்லையோ அது திருப்பித் தராது. ஷிங்கிள் வாரண்டி பாதிக்குமா என்று எழுத்தில் கேட்டு வாங்காமல் அடிக்க வேண்டாம்.

பலகை மெத்து மெத்தென்று அமுங்கினால், கூரை நடுவில் தொய்ந்தால், பல இடத்தில் ஒழுகினால் ஒட்டுப்போட்டுப் பயனில்லை, மாற்றத்தான் வேண்டும். ஆலங்கட்டி மழைக்கு மறுநாள் கதவைத் தட்டி, "இன்சூரன்ஸ்ல உங்க பங்குப் பணத்தை நீங்க கட்ட வேண்டாம், நாங்க பார்த்துக்கிறோம்" என்று ஒரு கூரைக்காரர் சொன்னால் கையெழுத்துப் போட வேண்டாம். டெக்சாஸிலும் ஃப்ளோரிடாவிலும் அது சட்டவிரோதம்.