நோயாளியை முன்வைத்துக் கற்பிக்கும் முறை

மருத்துவம் பயில்வோர் முதலில் உடற்கூறு, உடலியங்கியல், உயிர்வேதியியல் முதலியவற்றைக் கற்று, அதன் பின்னரே நோயாளியின் கட்டிலருகே செல்லுதல் நெடுநாளைய வழக்கம். 1910-ஆம் ஆண்டில் ஆபிரகாம் ஃபிளெக்ஸ்னர் வெளியிட்ட அறிக்கைக்குப் பின் வட அமெரிக்காவில் இவ்வழக்கம் உறுதிபெற்றது. இதில் ஒரு குறை உண்டு. தேர்வுக்கென்று கற்றவை, ஈராண்டு கழித்து நோயாளி எதிரே இருக்கும்போது பலருக்கு நினைவில் எழுவதில்லை.

இக்குறையைக் களையும் பொருட்டுக் கனடா நாட்டு ஹாமில்டன் நகரிலுள்ள மக்மாஸ்டர் பல்கலைக்கழகம் புதுவழி கண்டது. ஜான் எவன்ஸ் என்பாரை முதல் தலைவராகக் கொண்ட அதன் மருத்துவப் பள்ளி, 1969-இல் 20 மாணாக்கரைச் சேர்த்துக்கொண்டு, நோயாளியின் சிக்கலை முதலிலும் அதற்குரிய பாடத்தைப் பின்னரும் வைத்தது.

இம்முறை நடைபெறும் விதம் யாது? மாடிப்படி ஏறும்போதெல்லாம் நெஞ்சு இறுகி வலிக்கிறது என்று 55 வயதினர் ஒருவர் வருவதாகக் கொள்வோம். ஏழெட்டு மாணாக்கர் கூடி, வலிக்குக் காரணம் இதயமா, நுரையீரலா, உணவுக்குழாயா என ஆராய்வர். ஓய்வெடுத்ததும் வலி ஏன் தணிகிறது என்னும் வினா எழும். இதயத் தசைக்குக் குருதி கொணரும் தமனிகளைப் பற்றித் தாம் அறியாதவை எவை எனக் குறித்துக்கொள்வர். பின்னர்த் தனித்தனியே கற்று, மீண்டும் கூடி, கற்றதை அந்நோயாளிக்குப் பொருத்திப் பார்ப்பர். ஆசிரியர் அங்கே விரிவுரை ஆற்றார், வினாக்களால் வழிநடத்துவார். 1974-இல் தொடங்கிய நெதர்லாந்தின் மாஸ்திரிக்ட் மருத்துவப் பள்ளியும் இம்முறையைத் தழுவி, அதனை ஏழு படிகளாக வகுத்துக்கொண்டது.

இதன் பயன் எத்தகையது? 1993-இல் வெளிவந்த இரு ஆய்வுத் தொகுப்புகள், இவ்வழியில் பயின்றோர் நோயாளியைக் கையாளும் திறனில் பிறருக்கு ஒப்பாகவோ சற்று மேலாகவோ இருந்தனர் என்றும், அடிப்படை அறிவியல் தேர்வுகளில் சில இடங்களில் பின்தங்கினர் என்றும் கூறின. தொடக்க நிலையிலுள்ளோரைப் போதிய வழிகாட்டலின்றி விடுதல் அவர்தம் நினைவாற்றலுக்குப் பெருஞ்சுமையாகும் என்று கிர்ஷ்னர், ஸ்வெல்லர், கிளார்க் ஆகிய மூவர் 2006-இல் மறுத்தெழுதினர். வழிகாட்டல் இம்முறையிலேயே அமைந்துள்ளது என்பது ஆதரிப்போரின் விடை.

ஆசிரிய அன்பர்கள் கருதவேண்டியது இவ்விடமே. குழுவினர் அனைவரும் ஒருமித்துத் தவறான முடிவுக்கு வரின், அமைதியாயிருக்கும் ஆசிரியர் அத்தவற்றை வேரூன்றச் செய்தவராவார். மேற்கூறிய நெஞ்சுவலியை வெறும் செரியாமை என்று துணியும் பழக்கம் வகுப்பில் திருத்தப்படாவிடின், பின்னாளில் ஒருவர் உயிரையே இழக்க நேரும். ஆகவே, எப்போது பேசாதிருப்பது, எப்போது குறுக்கிட்டுக் கேட்பது என அறிதலே இம்முறையில் ஆசிரியர்க்குரிய பயிற்சியாகும்.