முதுகில் அழுத்தி உயிரை மீட்கிறார்கள்!

ஒரு மனிதரின் இருதயம் திடீரென்று நின்று விட்டது. என்ன செய்ய வேண்டும்?

அவரை மல்லாக்கப் படுக்க வைக்க வேண்டும். நெஞ்சின் நடுவில் இரண்டு கைகளையும் வைத்து, விட்டு விட்டு அழுத்த வேண்டும். இது இன்று பலருக்கும் தெரியும். இதற்கு "சி.பி.ஆர்." என்று பெயர்.

சரி. அவர் குப்புறப் படுத்திருக்கிறார். அவரைப் புரட்ட முடியவில்லை. அப்பொழுது என்ன செய்வது?

முதுகில் அழுத்தலாம்! ஆம், முதுகில் அழுத்தியும் ரத்தத்தை ஓட வைக்கலாம் என்று டாக்டர்கள் கண்டிருக்கிறார்கள்.

ஆனால், இதை யாருக்குச் செய்யலாம், எங்கே செய்யலாம் என்று தெரிந்துகொள்ள வேண்டும். அது மிக முக்கியம்.

புரட்டுவது கடினமா?

"படுத்திருப்பவரைப் புரட்டுவது ஒரு பெரிய காரியமா?" என்று கேட்பீர்கள். வீட்டில் அது பெரிய காரியம் அல்ல. ஆஸ்பத்திரியில் சில சமயம் அது பெரிய காரியம்தான்.

முதுகெலும்பில் ஆபரேஷன் நடக்கிறது. நோயாளி மேஜை மீது குப்புறப் படுத்திருக்கிறார். முதுகு திறந்திருக்கிறது. தொண்டைக்குள் மூச்சுக் குழாய் போகிறது. சிலருக்குத் தலையை அசையாமல் இருக்கக் கருவியில் பொருத்தியிருப்பார்கள். அந்த நிலையில் இருதயம் நின்றால், உடனே புரட்ட முடியுமா?

நுரையீரல் மிகவும் கெட்டுப்போன நோயாளிகளையும் குப்புறப் படுக்க வைப்பது உண்டு. நுரையீரலின் பெரும்பகுதி முதுகுப் பக்கம் இருக்கிறது. மல்லாந்து படுத்தால் அந்தப் பகுதி நசுங்குகிறது. குப்புறப் படுத்தால் அது விரிகிறது. காற்று நன்றாகப் போகிறது.

பிரான்சு நாட்டு டாக்டர்கள் இதைப் பெரிய அளவில் சோதித்து, 2013-ல் முடிவை வெளியிட்டார்கள். 466 நோயாளிகளை இரண்டு பிரிவாகப் பிரித்துப் பார்த்தார்கள். மல்லாக்கப் படுத்திருந்தவர்களில் 100-க்கு 33 பேர் 28 நாட்களுக்குள் இறந்தார்கள். தினமும் பல மணி நேரம் குப்புறப் படுத்திருந்தவர்களில் 100-க்கு 16 பேர்தான் இறந்தார்கள். பாதிக்குப் பாதி!

2020-ல் கொரோனா வந்தது. உலகம் முழுவதும் ஆஸ்பத்திரிகளில் ஏராளமான நோயாளிகளைக் குப்புறப் படுக்க வைத்தார்கள். மூச்சுக் குழாய், மருந்துக் குழாய்கள், மானிட்டர் ஒயர்கள் எல்லாம் அவர்கள் உடம்பில் இருந்தன. எதுவும் பிடுங்கிக்கொள்ளாமல் ஒருவரைப் புரட்ட ஐந்தாறு பேர் வேண்டும். அவர்கள் வந்து சேர நேரம் ஆகும்.

நேரம்தான் உயிர்

இருதயம் நின்றவுடன் மூளைக்கு ரத்தம் போவது நின்று விடுகிறது. சில நிமிடங்களில் மூளை கெடத் தொடங்குகிறது.

யாரும் எதுவும் செய்யாமல் விட்டால், பிழைக்கும் வாய்ப்பு ஒவ்வொரு நிமிடமும் 100-க்கு 7 முதல் 10 வரை குறைந்துகொண்டே போகும் என்று டாக்டர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள்.

ஆகவே, "ஆள் வரட்டும், புரட்டுவோம்" என்று காத்திருக்கக் கூடாது. அந்த இடைவெளியில் முதுகிலாவது அழுத்த வேண்டும். இதுதான் புதிய முறையின் நோக்கம்.

நூறு ஆண்டுக் கதை

"முதுகில் அழுத்துவது" என்பது ஒரு விதத்தில் பழைய சங்கதி.

1903-ம் ஆண்டு எடின்பரோ பேராசிரியர் ஷேபர் ஒரு முறையைச் சொன்னார். தண்ணீரில் மூழ்கியவரைக் குப்புறப் படுக்க வைக்க வேண்டும். முதுகின் கீழ் விலா எலும்புகளின் மீது கைகளை வைத்து, நிமிடத்துக்கு 12 முதல் 15 தடவை அழுத்த வேண்டும் என்றார். பல நாடுகளில் இந்த முறையைக் கற்றுக்கொடுத்தார்கள்.

1932-ல் டென்மார்க் ராணுவ அதிகாரி ஹோல்கர் நீல்சன் இன்னொரு முறையைச் சொன்னார். அதிலும் ஆள் குப்புறத்தான் படுத்திருப்பார். முதுகை அழுத்திய பிறகு, கைகளைத் தூக்கி விட வேண்டும்.

இவை எல்லாம் மூச்சுக்காகச் செய்தவை. அழுத்தினால் காற்று வெளியே போகும். விட்டால் உள்ளே வரும். இருதயத்தை ஓட வைக்கும் எண்ணம் அப்போது கிடையாது.

1950-களின் கடைசியில் காலம் மாறியது. வாயோடு வாய் வைத்து ஊதினால், முதுகை அழுத்துவதைவிட அதிகக் காற்று உள்ளே போகிறது என்று டாக்டர் பீட்டர் சாபர் சோதனை செய்து காட்டினார்.

அதே காலத்தில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் மூன்று பேர் வேறொரு சோதனை செய்துகொண்டிருந்தார்கள். ஒருவர் கோவன்ஹோவன் என்ற மின்சார என்ஜினீயர். இன்னொருவர் நிக்கர்பாக்கர் என்ற மாணவர். மூன்றாமவர் டாக்டர் ஜூட்.

நாய்களின் நெஞ்சில் மின்சாரக் கருவியை வைத்து அழுத்தினார்கள். மின்சாரம் பாய்ச்சும் முன்பே ரத்த அழுத்தம் சற்று உயர்ந்தது! "அழுத்தினாலே ரத்தம் ஓடுகிறது" என்று கண்டுகொண்டார்கள். 1960-ல் இதை உலகத்துக்கு அறிவித்தார்கள். அன்று முதல் எல்லோரையும் மல்லாக்கப் படுக்க வைத்து நெஞ்சை அழுத்தத் தொடங்கினார்கள்.

மறுபடியும் முதுகு

1992-ல் ஒரு செய்தி வந்தது. ஆபரேஷனின்போது குப்புறப் படுத்திருந்த 2 நோயாளிகளின் இருதயம் நின்று விட்டது. அப்படியே வைத்து அழுத்தி டாக்டர்கள் அவர்களைக் காப்பாற்றினார்கள்.

2003-ல் அமெரிக்க டாக்டர்கள் 6 நோயாளிகளைப் பற்றி எழுதினார்கள். நெஞ்சை அழுத்தியும் பலன் கிடைக்காதவர்கள் அவர்கள். நெஞ்சை அழுத்தியபோது அவர்களது ரத்த அழுத்தம் சராசரி 48. குப்புறப் போட்டு முதுகை அழுத்தியபோது அது 72 ஆனது!

6 பேர் என்பது சிறு தொகை. அதை மட்டும் வைத்து "முதுகுதான் மேல்" என்று சொல்லி விட முடியாது. ஆனால், "முதுகில் அழுத்தினாலும் ரத்தம் ஓடும்" என்பது தெரிந்தது.

கொரோனா காலத்தில், 2020-ல், அமெரிக்க இருதயச் சங்கம் டாக்டர்களுக்கு வழி சொன்னது: குப்புறக் கிடக்கும் நோயாளிக்கு மூச்சுக் குழாய் பொருத்தியிருந்து, ஆபத்து இல்லாமல் புரட்ட முடியாவிட்டால், முதுகில் அழுத்துங்கள்!

எப்படி அழுத்துகிறார்கள்?

இருதயம் நெஞ்செலும்புக்கும் முதுகெலும்புக்கும் நடுவில் இருக்கிறது. முன்னால் இருந்து அழுத்தினாலும், பின்னால் இருந்து அழுத்தினாலும் நெஞ்சுக்கூடு நசுங்கும். ரத்தம் வெளியே தள்ளப்படும்.

இரண்டு தோள்பட்டை எலும்புகளின் கீழ் நுனி எங்கே இருக்கிறது என்று பார்க்கிறார்கள். அந்த மட்டத்திலும் அதற்குச் சற்றுக் கீழேயும், முதுகின் நடுவில், கைகளை வைக்கிறார்கள். வேகம், நெஞ்சை அழுத்தும்போது உள்ள அதே வேகம்தான். அடியில் கெட்டியாக ஏதாவது இருக்க வேண்டும். மெத்தை மெதுவாக இருந்தால், அழுத்தும் பலம் எல்லாம் மெத்தைக்குள் போய் விடும்.

ரத்த அழுத்தத்தையும், வெளிவிடும் மூச்சில் உள்ள கரியமில வாயுவையும் கருவியில் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள். போதிய பலன் தெரியாவிட்டால், ஆட்களைக் கூட்டி நோயாளியைப் புரட்டி விடுகிறார்கள்.

வீட்டில் என்ன செய்வது?

இனி உங்களுக்கு வேண்டிய விஷயம். வீட்டிலோ தெருவிலோ ஒருவர் குப்புறக் கிடந்தால், முதுகில் அழுத்தாதீர்கள்! அவரைப் புரட்டுங்கள்!

ஏன்? அவருக்கு மூச்சுக் குழாய் கிடையாது. குப்புறக் கிடந்தால் வாயும் மூக்கும் அடைபடும். அவர் மூச்சு விடுகிறாரா என்றுகூடப் பார்க்க முடியாது. மூச்சுக் குழாய் இல்லாதவரை உடனே மல்லாக்கப் புரட்ட வேண்டும் என்றுதான் பல நாட்டு நிபுணர்கள் கூடி 2021-ல் சொன்னார்கள்.

செய்ய வேண்டியவை இவை:

1. தோளைத் தட்டிச் சத்தமாகக் கூப்பிடுங்கள்.

2. பதில் இல்லையா? தலையும் உடம்பும் ஒன்றாகத் திரும்பும்படி, மல்லாக்கப் புரட்டுங்கள்.

3. மூச்சு வருகிறதா என்று 10 விநாடிக்குள் பாருங்கள். எப்போதாவது ஒரு தடவை வாயைத் திறந்து இழுப்பது மூச்சு அல்ல.

4. 108-க்குப் போன் செய்யச் சொல்லுங்கள். தனியாக இருந்தால், நீங்களே போனைப் போட்டுப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பேசுங்கள்.

5. கெட்டியான தரையில் வைத்து, நெஞ்சின் நடுவில் உள்ளங்கையின் அடிப்பகுதியை வையுங்கள். அதன் மேல் மறு கையை வையுங்கள். பெரியவர்களுக்கு 5 சென்டிமீட்டர் ஆழம் அழுத்துங்கள். 6-க்கு மேல் வேண்டாம். நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை. ஒவ்வொரு தடவையும் நெஞ்சு மேலே எழும்ப விடுங்கள்.

6. கை ஓய்ந்து விடும். ஆகவே 2 நிமிடத்துக்கு ஒரு தடவை ஆள் மாற்றிக்கொள்ளுங்கள். உதவி வரும்வரை நிறுத்தாதீர்கள்.

நினைவு இல்லை, ஆனால் மூச்சு ஒழுங்காக இருக்கிறதா? அழுத்த வேண்டாம். பக்கவாட்டில் படுக்க வையுங்கள்.

குளத்தில், கிணற்றில் மூழ்கியவரைக் குப்புறப் போட்டு அழுத்தித் தண்ணீரை எடுக்கும் வழக்கம் நம் ஊர்களில் இன்னும் இருக்கிறது. தூக்கிச் சுற்றுகிறவர்களும் உண்டு. இது கூடாது. இதனால் நேரம்தான் வீணாகும். மூழ்கியவருக்கு முதல் தேவை காற்று. மல்லாக்கப் படுக்க வைத்து, வாயோடு வாய் வைத்து ஊதி, நெஞ்சையும் அழுத்த வேண்டும்.

முதுகில் அழுத்துவது ஆஸ்பத்திரியில் டாக்டர்கள் செய்யும் வேலை. நெஞ்சில் அழுத்துவது நம் எல்லோராலும் முடிந்த வேலை. அதை இன்றே வீட்டில் உள்ளவர்களுக்குச் சொல்லி வையுங்கள்!