உப்புக்கண்டத்தின் ராத்திரி வேலை

துருவத்துப் பனிக்காலத்தில் இனுயிட் மக்கள் எதைச் சாப்பிட்டார்கள் என்று கேட்டுக் கொட்டாம்பட்டியிலிருந்து ஒரு மாணவி எழுதியிருக்கிறார். உறைந்த கடலில் சீல் என்ற கடல்விலங்கு மூச்சுவிட வரும் துளையருகே காத்திருந்து அதைப் பிடிப்பார்கள். புயல் நாட்களில் அதுவும் முடியாது. அப்போது கோடையில் சேர்த்து வைத்ததுதான் சோறு. கல்குவியலுக்கு அடியில் இறைச்சி இருக்கும். ஆற்றில் ஏறிவரும் சார் என்ற மீனை வால் பிரியாமல் இரண்டாகப் பிளந்து, சதையில் குறுக்கே கோடு கோடாகக் கீறி, கொடியில் தொங்கவிட்டுக் காயவைப்பார்கள். அதற்குப் பிப்சி என்று பெயர்.

ஏன் கீறுகிறார்கள்? பதில் அந்த மாணவியின் மேலூர்ப் பக்கத்து வீடுகளிலேயே இருக்கிறது. கிடா வெட்டினால் மீந்த கறியை நீளவாக்கில் மெல்லிசாக அரிந்து, உப்பும் மஞ்சளும் பிசிறி, கயிற்றில் கோத்து வெயிலில் கட்டுவார்கள். அதுதான் உப்புக்கண்டம். கறியில் முக்கால் பங்கு தண்ணீர். உப்பு அதை வெளியே இழுக்கும், வெயில் வாங்கிக்கொள்ளும். துண்டு தடித்துவிட்டால் மேல்புறம் இறுகி உள்ளே ஈரம் அடைபட்டு அழுகும். மீனைக் கீறுவதும் இதைத் தவிர்க்கத்தான்.

எனக்குப் பிடித்தது ராத்திரியில் நடப்பது. பொழுது சாய்ந்ததும் கண்டத்தை உள்ளே எடுத்து வைப்பது பூனைக்குப் பயந்து மட்டுமல்ல. பகலில் மேல்புறம் காய்கிறது. ராத்திரி உள்ளிருக்கும் ஈரம் மெல்ல நகர்ந்து மேலே வருகிறது. விடிந்ததும் தொட்டுப் பாருங்கள், நேற்று மாலையைவிடச் சற்று நெகிழ்ந்திருக்கும். அதை மறுநாள் வெயில் எடுத்துக்கொள்ளும். ஒரே மூச்சில் அடுப்பில் வாட்டினால் இந்த நகர்வுக்கு நேரமே கிடைக்காது. மோர்மிளகாயை ராத்திரி மோரில் ஊறப்போட்டுப் பகலில் காயவைப்பதும் இதன் பங்காளிதான். அங்கே உப்பும் புளிப்பும் ராத்திரியில் உள்ளே போகின்றன.

இனுயிட் ஊர்களில் கோடையிலும் நம் ஊர் வெயில் கிடையாது. காற்றை நம்பித்தான் காயவைத்தார்கள். நமக்குச் சித்திரையில் 40 டிகிரி கொளுத்துகிறது, மொட்டைமாடிகள் காலியாகக் கிடக்கின்றன. கறி ஃபிரிட்ஜுக்குப் போகிறது, வற்றல் பாக்கெட்டில் வருகிறது. எவ்வளவு கனத்தில் அரிய வேண்டும், எந்தப் பதத்தில் பானையில் போட வேண்டும் என்பது கை தெரிந்த கிழவிகளிடம் மட்டுமே மிச்சமிருக்கிறது. இதை நாம் எழுதிவைக்காதது பெரும் தவறு.

கடிதம் எழுதிய மாணவிக்கு: வரும் சித்திரையில் உங்கள் அப்பத்தாவைக் கண்டம் போடச் சொல்லிப் பக்கத்தில் உட்காருங்கள். உப்பின் அளவு, கறியின் கனம், காய்ந்த நாட்கள் மூன்றையும் நோட்டில் குறித்து எனக்கு அனுப்புங்கள்.