திருடாதவரும் குற்றவாளியா?

திருடினவரைத்தான் போலீஸ் பிடிக்கும். ஆனால் பிறந்த சாதியைப் பார்த்தே குற்றவாளி என்று சொன்ன சட்டம் ஒன்று நம்ம மதுரைப் பக்கம் இருந்தது. உங்களுக்குத் தெரியுமா?

அதுதான் குற்றப் பரம்பரைச் சட்டம். வெள்ளைக்காரர்கள் 1871-ல் வட இந்தியாவில் கொண்டு வந்தார்கள். 1911-ல் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. பிறகு பிறமலைக் கள்ளர் மக்களைக் கைரேகை வைக்கச் சொன்னார்கள். ரேகை வைத்த ஆண்கள் ராத்திரியில் வீட்டில் தூங்க முடியாது, போலீஸ் காவலில்தான் படுக்கணும். வெளியூர் போகணும்னா 'ராத்திரிச் சீட்டு' வாங்கணும். தப்பே செய்யாதவங்களுக்கும் இதே கதிதான்!

1920 ஏப்ரல் 3-ல் உசிலம்பட்டி பக்கத்துப் பெருங்காமநல்லூர் மக்கள் ரேகை வைக்க மறுத்தார்கள். போலீஸ் சுட்டதில் 16 பேர் இறந்தார்கள். அதில் மாயக்காள் என்ற பெண்ணும் ஒருவர். 1947-ல் சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழிந்தது. அந்த ஊரில் நினைவுத்தூண் இருக்கிறது.

தோழிகளே, வகுப்பில் பேனா காணாமப் போனா எப்பவும் ஒருத்தியின் பையைத்தானே முதலில் பார்க்கிறோம்? அதுவும் ஒரு ரேகைச் சட்டம்தான். நாமளாவது அதை ஒழிப்போம்!

– 9-ஆம் வகுப்பு மாணவி