மேல்முறையீட்டில் தண்ணீர் - 11: ஏரி உடைந்த வழக்கு

மைசூருடனான காவிரித் தகராறில் நடுவர் கிரிஃபின் தந்த தீர்ப்பை ஏற்காமல் சென்னை அரசு லண்டன் வரை முறையிட்டதையும், அது 1924 ஒப்பந்தத்தில் போய் முடிந்ததையும் சென்ற வாரம் பார்த்தோம். இந்த வாரம் உச்ச நீதிமன்றத்தில் காவிரி என்று சொல்லியிருந்தேன். அதற்குள் கைக்கு வந்த ஒரு பழைய வழக்கைத் தாண்டிப் போக மனம் வரவில்லை. 1874-இல் அதைத் தீர்த்துவைத்தது, அன்றைய இந்தியாவின் கடைசி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில். மதராஸ் ரயில்வே கம்பெனி ஒரு பக்கம், கார்வேட்டிநகரம் ஜமீன்தார் மறுபக்கம்.

கார்வேட்டிநகரம் புத்தூருக்குப் பக்கம். அப்போது வட ஆற்காடு மாவட்டம், இப்போது ஆந்திரம். நம் திருத்தணி இந்த ஜமீனில்தான் இருந்தது. 1960-இல்தான் ஆந்திரத்திலிருந்து மீண்டும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. அந்த ஜமீனின் இரண்டு ஏரிகள் பெருமழையில் உடைந்தன. ஏரிக்கரை உடைவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். கலங்கல் வழியே போகவேண்டிய தண்ணீர் கரைமேல் ஏறிவிட்டால், முதலில் ஒரு சாண் அகலத்துக்குத்தான் மண் கரையும். மணல் மூட்டை தேடி ஓடித் திரும்புவதற்குள் அது வண்டி நுழையும் அகலமாகிவிடும். அப்படி வந்த வெள்ளம் ரயில் பாலங்களை அடித்துக்கொண்டு போனது. கம்பெனி நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டது.

கம்பெனி நம்பியது அப்போது புதிதாக வந்திருந்த ஓர் இங்கிலாந்துத் தீர்ப்பை. லங்காஷயரில் ரைலண்ட்ஸ் என்ற ஆலை முதலாளி தன் ஆலைக்கு நீர்த்தேக்கம் கட்டினார். அடியில் கைவிடப்பட்ட சுரங்கக் குழிகள் இருந்தது அவருக்குத் தெரியாது. தண்ணீர் அவற்றின் வழியே இறங்கி, ஃபிளெட்சர் என்பவரின் நிலக்கரிச் சுரங்கத்தை மூழ்கடித்தது. ஆபத்தான ஒன்றைத் தன் நிலத்தில் கொண்டுவந்து சேர்த்தவர், தம்மீது கவனக்குறைவு இல்லாவிட்டாலும், அது வெளியேறிச் செய்த சேதத்துக்குப் பொறுப்பு என்று 1868-இல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. ஜமீன்தாருக்கும் அதையே பொருத்துங்கள் என்றது கம்பெனி. சென்னை உயர் நீதிமன்றம் மறுத்தது. கம்பெனி லண்டனுக்கு மேல்முறையீடு போனது.

லண்டனும் மறுத்தது. சொன்ன காரணம்தான் இந்த வாரம் முழுக்க என்னைப் பிடித்து வைத்திருக்கிறது. ஆலை முதலாளி தன் லாபத்துக்குக் கட்டினார், வேண்டாமென்றால் இடித்துவிடலாம். இந்த ஏரிகளோ மிகப் பழையவை, நாடு முழுக்கப் பரவிய பாசன ஏற்பாட்டின் பகுதி. அவற்றைத் தூர்க்க ஜமீன்தாருக்கு அதிகாரமே கிடையாது. குடிகளுக்காகக் காப்பாற்றி வருவது அவர் கடமை. கடமையைக் கவனமாகச் செய்தவர் தலையில் பெருவெள்ளத்தின் நஷ்டத்தைக் கட்ட முடியாது.

ஜமீன்தார் ஜெயித்தது, ஏரியை மூடும் உரிமை அவருக்கு இல்லாததால். ஆயக்கட்டு விவசாயிகள் இந்த வழக்கில் கட்சிக்காரர்களே இல்லை. ஆனாலும் தீர்ப்பில் அதிகம் பெற்றவர்கள் அவர்கள்தான்.

இதே வட்டாரத்திலிருந்து இன்னொரு மேல்முறையீடு. திருப்பதியை ஒட்டிய அவிலாலா, பேரூர் ஏரிகளை அரசாணை போட்டு வீட்டுமனைக்குக் கொடுத்தார்கள். எதிர்த்தவர்கள் உயர் நீதிமன்றத்தில் தோற்று, உச்ச நீதிமன்றம் போனார்கள். நீர்நிலை மக்களின் சொத்து, அரசு அதன் அறங்காவலர் மட்டுமே என்று 2006-இல் தீர்ப்பு வந்தது. அவிலாலாவில் இனி கட்டக் கூடாது என்றார்கள். ஏற்கெனவே கட்டிய வீடுகள் மட்டும் தப்பின. எனக்கு இது பாதித் தீர்ப்பு. ஜமீன்தாருக்கு இல்லாத அதிகாரம் ஓர் அரசாணைக்கு எப்படி வரும்?

காவிரி அடுத்த வாரம். நடுவர் மன்றத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடே செல்லாது என்று மத்திய அரசு வாதிட்டது. செல்லும் என்று 2016 டிசம்பர் 9 அன்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அங்கிருந்து தொடங்குவோம்.

அதற்குள் ஒரு வேலை செய்யுங்கள். உங்கள் ஊர் விஏஓ அலுவலகத்தில் 'அ' பதிவேடு இருக்கும். அதில் உங்கள் ஏரிக்கு எவ்வளவு பரப்பு எழுதியிருக்கிறது என்று கேட்டுக் குறித்துக்கொண்டு, கரைமேல் ஒரு சுற்று நடந்து பாருங்கள். குறைந்திருந்தால் கிராம சபையில் எழுந்து கேளுங்கள்.