மறக்கப்பட்ட திரைத் தாரகை ருக்கியா

இந்தோனேசிய மண்ணில் முதல் கதைப்படம் 1926-ஆம் ஆண்டில் பாண்டுங் நகரில் எடுக்கப்பட்டது. சுண்டா நாட்டுப் பழங்கதையான 'லூத்துங் கசாருங்' அதன் கரு. அடுத்த பத்தாண்டுகளில் டச்சுக்காரரும் சீனரும் படங்கள் பல எடுத்தும் தொழில் வேரூன்றவில்லை. பொதுமக்கள் நாடகக் கொட்டகையையே நாடினர். அவர்களைத் திரைப்படத்தின்பால் திருப்பியவர்களுள் முன்னிற்பவர் ருக்கியா என்னும் நடிகை ஆவார்.

1917-ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 31-ஆம் நாள் பாண்டுங்கில் பிறந்த ருக்கியாவின் தாயும் தந்தையும் நாடகக் கலைஞர்கள். சிறுமியாக இருந்தபோதே மேடையேறிப் பாடத் தொடங்கினார். பின்னர்ப் பத்தாவியா சென்று, பியானோ வாசிப்பிலும் நகைச்சுவையிலும் வல்லவரான கர்த்தோலோவை 1934-இல் மணந்தார்.

1937-இல் ஆல்பர்ட் பாலிங்க் இயக்கிய 'தெராங் பூலான்' (நிலவொளி) வெளிவந்தது. கதையை எழுதியவர் சாருன் என்னும் பத்திரிகையாளர். தந்தை பார்த்த மணமகனை வெறுத்துக் காதலனுடன் மலாக்காவுக்கு ஓடிவிடும் பெண்ணாக ருக்கியா நடித்தார். காதலனாக வந்தவர் ராடன் மொக்தார். இதற்குமுன் பாலிங்க் எடுத்த 'பாரே' என்னும் படம் பெரும்பொருளை விழுங்கித் தோல்வியுற்றது. இப்படமோ வெற்றி வாகை சூடியது. காரணம் எளிது. நாடக மேடையில் மக்கள் விரும்பிய காதலும், பாட்டும், நகைச்சுவையும், பழகிய முகங்களும் திரையில் ஒருங்கே அமைந்தன. சிங்கப்பூரிலும் மலாயாவிலும்கூட மக்கள் திரண்டு வந்து இப்படத்தைக் கண்டு களித்தனர்.

ஆயினும் படத்தை எடுத்த நிறுவனம் கதைப்படங்களைக் கைவிட்டது. கலைஞர்கள் பலர் 'தான்ஸ் பிலிம்' நிறுவனத்தில் சேர்ந்தனர். அங்கு 1938-இல் உருவான 'பாத்திமா' 7,000 கில்டர் செலவில் எடுக்கப்பட்டு 200,000 கில்டர் ஈட்டியது என்பர். மொக்தார் விலகியபின் ஜுமாலா என்பவர் ருக்கியாவின் இணையானார். 'ருக்கிஹாத்தி', 'சோர்கா க தூஜூ' ஆகியவை 1940-இல் வெளிவந்தன.

1942-இல் ஜப்பானியர் ஆட்சி வந்ததும் படத்தொழில் முடங்கியது. ருக்கியா மீண்டும் மேடைக்கே திரும்பினார். 1945-இன் தொடக்கத்தில் கருச்சிதைவுற்று நோயில் விழுந்தார். அந்நிலையிலும் ஆட்சியாளர் ஓய்வுக்கு இடந்தரவில்லை. சுராபாயா சென்று நடிக்க வேண்டியதாயிற்று. திரும்பியபின் நோய் முற்றியது. ஆகஸ்டு 17-இல் இந்தோனேசியா விடுதலையை அறிவித்தது. செப்டம்பர் 2-இல், ஜப்பான் சரணாகதிப் பத்திரத்தில் கையொப்பமிட்ட அதே நாளில், ருக்கியா மறைந்தார். அப்போது அவருக்கு வயது 27.

'தெராங் பூலான்' படச்சுருள் இன்று கிடைக்கவில்லை. அக்காலச் சுருள்கள் எளிதில் தீப்பற்றுபவை. பேணாவிடில் தாமே சிதைந்து போகுபவை. எனவே, ஒரு தலைமுறையையே கொட்டகைக்கு இழுத்த அந்நடிப்பை, விளம்பரத் தாள்களையும் நிழற்படங்களையும் கொண்டே இன்று உய்த்துணர வேண்டியுள்ளது. மேடைக் கலை ஆடியவரோடு மறைவது இயல்பு. காலத்தை வெல்லும் என நம்பப்பட்ட திரைக்கலையும் காப்பாரின்றேல் மறைந்துபோகும் என்பதற்கு ருக்கியாவின் கதையே சான்று.