ஊர் எல்லையில் உயிர்கள் – 11: துணிப்பைக்குள் மாசுணம்

தமிழில் மலைப்பாம்பு என்று வழங்கப்படும் உயிரினம் வாழ்வதற்கு மலை கட்டாயமில்லை. எலியும் கொக்கும் கிடைக்கிற நீர்நிலையோரம், வயல்வரப்பு, ரப்பர்த் தோட்டத்துச் சரிவு, ஆளில்லாத வீட்டின் வளவு ஆகிய எதுவும் அதற்குப் போதும். பகலில் பதுங்க ஒரு பொந்து மட்டும் அருகில் இருக்க வேண்டும். அந்த வகையில் பெரும்பாம்பு என்ற மலையாளப் பெயரே கூடுதல் பொருத்தம். சங்கத் தமிழ் இதை மாசுணம் என்றது. மலைபடுகடாம், விழுந்து கிடக்கும் மரம் என்று மயங்கச் செய்யும் மாசுணத்தை விலகிப் போகும்படி வழிச்செல்வோரிடம் சொல்கிறது. அந்த அறிவுரையில் பாம்பு தன் இடத்திலேயே கிடக்கிறது, விலகுகிறவன் மனிதன். இன்றைய திருவனந்தபுரத்தில் இந்த முறை தலைகீழாகிவிட்டது.

1758-ல் லின்னேயஸ் விவரித்த இந்திய மலைப்பாம்பு நஞ்சற்றது; இரையைப் பல்லால் பற்றி, உடலால் சுற்றி இறுக்கிக் கொன்று விழுங்குவது. அகத்தியமலையின் மேற்குச் சரிவில் நெய்யாறு, பேப்பாறை ஆகிய இரு சரணாலயங்கள் உள்ளன. முன்னது 1958-லும் பின்னது 1983-லும் அறிவிக்கப்பட்டவை, இரண்டும் சேர்ந்து ஏறத்தாழ 180 சதுர கிலோமீட்டர். மலைப்பாம்பின் உலகம் அந்த எல்லைக்கல்லோடு முடிவதில்லை. அகத்தியமலைச் சரிவில் பிறக்கும் கரமனையாறு பேப்பாறை, அருவிக்கரை அணைகளைக் கடந்து நகரத்தின் தோளை உரசிக்கொண்டு கடலைச் சேர்கிறது. நீந்தத் தெரிந்த பாம்புக்கு அது ஒரு திறந்த பாதை. நகரின் குப்பை எலிகளைப் பெருக்குகிறது, எலிகள் பாம்பை நிறுத்திவைக்கின்றன. எனவே கோழிக்கூட்டில் காணப்படும் மலைப்பாம்பைக் காட்டிலிருந்து வழிதவறி வந்த விருந்தாளி என்று செய்தியாளர்கள் எழுதுவது பெரும்பாலும் பிழை. அது அதே வார்டில் பல ஆண்டுகளாக யார் கண்ணிலும் படாமல் குடியிருந்ததாகவே இருக்கக்கூடும்.

பழைய ஆபத்து தோல் வணிகம். கைப்பைக்கும் காலணிக்கும் செதில் பதிந்த தோல் வேண்டும் என்று ஐரோப்பியச் சந்தை கேட்டபோது இந்தியப் பாம்புகள் பெருந்தொகையில் உரிக்கப்பட்டன. 1972-ன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும் 1976-ல் பாம்புத்தோல் ஏற்றுமதிக்கு வந்த தடையும் அந்த வணிகத்தை முறித்தன. அதனால் பிழைப்பிழந்த, பாம்பு பிடிக்கும் இருளர் பழங்குடியினருக்காகவே 1978-ல் சென்னைக்கு அருகே, நஞ்செடுக்கும் கூட்டுறவுச் சங்கம் தொடங்கப்பட்டது. தென்கிழக்கு ஆசியாவிலிருந்து ஆண்டுக்கு ஏறத்தாழ 5 லட்சம் மலைப்பாம்புத் தோல்கள் வெளியேறுவதாக 2012-ல் ஓர் ஆய்வறிக்கை கணக்கிட்டதை நினைத்தால், இந்தத் தடையின் மதிப்பு விளங்கும். கேரளத்தில் எஞ்சியிருப்பது இறைச்சிக்கும், மூட்டுவலிக்கு மருந்தென நம்பப்படும் நெய்க்கும் நடக்கும் சில்லறை வேட்டை. மலைப்பாம்பு சட்டத்தின் முதலாம் அட்டவணையில், அதாவது புலிக்கும் யானைக்கும் உள்ள அதே உயர்ந்த பாதுகாப்பில் இருப்பதால், அதைக் கொன்றவருக்கு 3 முதல் 7 ஆண்டு வரை சிறையும் குறைந்தது 25,000 ரூபாய் அபராதமும் உண்டு.

சட்டம் கைநீட்டித் தடுக்க முடியாதவை வேறு. குட்டி மலைப்பாம்பை அணலி, அதாவது கண்ணாடி விரியன், என்று எண்ணி அடித்துக் கொல்வது அன்றாட நிகழ்வு. உற்று நோக்கினால் வேறுபாடு தெளிவு: விரியனின் முதுகில் சங்கிலிக் கண்ணிகள்போல் ஓரளவு ஒழுங்கான மூன்று வரிசைப் புள்ளிகள் ஓடும், செதில்கள் நடுவே மேடிட்டுச் சொரசொரப்பாக இருக்கும், மலைப்பாம்பின் திட்டுகள் ஒழுங்கற்றவை, தோல் எண்ணெய் தடவியதுபோல் வழவழக்கும், உதட்டோரச் செதில்களில் இரையின் உடல்வெப்பத்தை உணரும் சிறு குழிகள் தெரியும். ஆனால் இரவு 10 மணிக்குக் கைவிளக்கு வெளிச்சத்தில் உதட்டைப் பார்க்க யாரும் குனிவதில்லை, குனியவும் கூடாது. விரியனை மலைப்பாம்புக் குட்டி என்று கையில் எடுத்துக் கடிபட்டவர்களும் உண்டு.

கோழிக்கூட்டையும் மீன்குளத்தையும் சுற்றிக் கட்டும் நைலான் வலை இன்னொன்று. பாம்பின் செதில்கள் பின்னோக்கி அடுக்கப்பட்டவை என்பதால், வலைக்கண்ணுக்குள் தலையை நுழைத்த பாம்பு முன்னே நழுவுமே தவிரப் பின்வாங்க முடியாது. உடல் பருத்த இடத்தில் நூல் செதிலுக்கடியில் இறங்கிவிட, அது திமிறத் திமிற நூல் சதையை அறுக்கும். கத்தரிக்கோலால் ஒவ்வொரு கண்ணாக வெட்டி விடுவிக்க ஆள் வரும்வரை அது வெயிலில் கிடக்க வேண்டும்.

ஆள் வருவது கேரளத்தில் ஓரளவு உறுதி. பாம்பு பிடிப்பவர்களுக்குப் பயிற்சியும் சான்றிதழும் கட்டாயம் என்று 2020-ல் நெறிமுறை வகுத்த அம்மாநில வனத்துறை, அருகிலுள்ள மீட்பரைத் தொலைபேசி வழியே அழைக்க ‘சர்ப்பா’ என்ற செயலியையும் கொண்டுவந்தது. மண்வெட்டிக்குப் பதில் கைப்பேசியை எடுக்கும் பழக்கம் எளிதில் வருவதன்று; இந்த ஏற்பாட்டின் நன்மையைக் குறைத்துப் பேச இடமில்லை. எனினும் பாம்பைத் துணிப்பைக்குள் இறக்கிப் பையின் வாயைக் கட்டிய பிறகு நடப்பதைப் பற்றி அதிகம் பேசப்படுவதில்லை. ஆட்டுக்குட்டியையோ கோழியையோ விழுங்கிய பாம்பு பிடிபட்ட பதற்றத்தில் அதைக் கக்கிவிடுகிறது. பர்மிய மலைப்பாம்பை ஆராய்ந்தவர்கள், பெரும் இரையை விழுங்கிய இரண்டு நாட்களில் அதன் இதயக் கீழறைத் தசை 40 விழுக்காடு வளர்வதை 2005-ல் கண்டறிந்தனர். செரிமானத்துக்காக உடல் இவ்வளவு முதலீடு செய்கிற உயிரினத்துக்கு, கக்குவது போட்ட முதலும் போய்விட்ட நிலை.

அடுத்து, விடுவிக்கும் இடம். நகரில் பிடித்ததைக் காட்டில் விடுவதே நியாயம் என்று எல்லோருக்கும் தோன்றும். காட்டோரத்திலுள்ள நெய்யாறு அணை நகரிலிருந்து ஏறத்தாழ 30 கிலோமீட்டர். அமெரிக்காவின் ஃபுளோரிடா சதுப்புநிலத்தில், ஆறு பர்மிய மலைப்பாம்புகளை 21 முதல் 36 கிலோமீட்டர் வரை தள்ளிக் கொண்டுபோய் விட்டு, உடலில் பொருத்திய அலைபரப்பி மூலம் பின்தொடர்ந்த ஆய்வு 2014-ல் வெளியானது. அவற்றில் ஐந்து, பிடிபட்ட இடத்துக்கு 5 கிலோமீட்டர் அருகே திரும்பி வந்துவிட்டன. (வளர்ப்புப் பிராணிகளாகப் போய்த் தப்பிப் பெருகிய அதே இனத்தைக் கொல்ல அங்கே அரசே கூலி கொடுக்கிறது, சொந்த மண்ணான ஆசியாவில் அது அழிவாபத்துக்குள்ளான இனம்.) இந்திய மலைப்பாம்பு வேறு இனம், நிலமும் வேறு, ஆயினும் நெருங்கிய உறவான இதற்கும் வீட்டு நினைவு இருக்குமானால், திரும்பும் வழியில் அது கடக்க வேண்டியவற்றை எண்ணிப் பார்க்கலாம்: மலையடிவாரச் சாலைகள், ஊர்கள், நாய்கள். காட்டிலேயே தங்கினாலும், வேறு பாம்புகள் ஏற்கெனவே குடியிருக்கும் இடத்தில், பொந்து எங்கே என்று தெரியாமல் அது தொடங்க வேண்டும்.

பொந்துதான் இந்தக் கதையின் மையம். மலைப்பாம்பு தானே வளை தோண்டாது. முள்ளம்பன்றி தோண்டிய வளையிலோ கரையான் புற்றிலோ பாறை இடுக்கிலோ குடிபுகும். ராஜஸ்தானின் கேவலாதேவ் பூங்காவில் மலைப்பாம்புகளை ஆராய்ந்து இதை விரிவாக அறியச் செய்தவர்களுள் முதன்மையானவர், கோவை சாலிம் அலி பறவையியல் மற்றும் இயற்கை வரலாற்று மையத்தைச் சேர்ந்த சுப்பிரமணியன் பூபதி. 2014 ஏப்ரலில் களப்பணியின்போது அகத்தியமலையில் தவறி விழுந்து உயிரிழந்தார். முள்ளம்பன்றியை இறைச்சிக்காகக் கொல்லும்போது மலைப்பாம்பின் வீடு கட்டுபவரைக் கொல்வதாக யாரும் கணக்கு வைப்பதில்லை.

கோடையில் அந்தப் பொந்துக்குள் பெண் பாம்பு முட்டைகளைச் சுற்றிச் சுருண்டு, ஏறத்தாழ இரண்டு மாதம் உணவின்றி அடைகாக்கும். குளிர் தட்டினால் தசைகளைத் துடிக்கவைத்து வெப்பம் உண்டாக்கும். குளிர்ரத்தப் பிராணி இப்படிச் செய்யுமா என்று ஐயுற்ற அறிஞர்களுக்கு, 1841-ல் பாரிஸில் வலென்சியன் என்பவர் வெப்பமானியை வைத்து அளந்து காட்டினார். கட்டுமானத்துக்கு மண் தோண்டும்போது தாயைப் பிடித்துப் பையிலிட்டு முட்டைகளை விட்டுவிட்டால், ஒரே நாளில் ஒரு தலைமுறை முடிந்தது. திருவனந்தபுரத்தில் கழக்கூட்டம் முதல் காரோடு வரை 43 கிலோமீட்டர் புறவழிச்சாலை போடப்பட்டபோது மண் அள்ளும் இயந்திரங்கள் எத்தனை வளைகளை மூடின என்று யாரும் எண்ணியிருக்க வாய்ப்பில்லை.

அந்தப் புறவழிச்சாலை அடங்கிய தேசிய நெடுஞ்சாலை 66-ன் கேரளப் பகுதியின் வடகோடியில், காசர்கோட்டில், 2022 மார்ச்சில் ஒரு வளை எண்ணப்பட்டது. சிறுபாலம் கட்டத் தோண்டிய இடத்தில், முள்ளம்பன்றி வளைக்குள் ஒரு மலைப்பாம்பு முட்டைகளோடு கிடந்தது. முட்டையை நகர்த்தினால் பொரிக்காது என்று வல்லுநர்கள் சொல்ல, ஒப்பந்தம் எடுத்திருந்த ஊராளுங்கல் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கம் அந்தப் பகுதியில் மட்டும் வேலையை நிறுத்தியது. 54 நாட்கள். முட்டை ஓடுகளில் விரிசல் காணத் தொடங்கியபின் 24 முட்டைகளும் ஒரு மீட்பரின் வீட்டுக்கு எடுத்துச் செல்லப்பட்டு, அங்கே பொரித்த குஞ்சுகள் காட்டில் விடப்பட்டன. பிறகு இயந்திரங்கள் மீண்டும் வந்து சிறுபாலத்தைக் கட்டத் தொடங்கின.